வேஷம் கட்டுற கை

நடுவர் ஐயா அவர்களே, நிக்க இடமில்லாம மொட்டை மாடியில ஏறி நிக்கிற எங்க சேலம் குகை வட்டாரத்து மக்களே, வணக்கமுங்க!

"காமிக்ஸ், சூப்பர்ஹீரோ, வேஷம் போட்டுக்கிட்டுத் திரியுற ரசிகர் கூட்டம்: இதுக்கு வேர் இருக்கா, இல்ல நேத்து முளைச்ச காளானா?" எதிரணித் தங்கச்சி காளான்னு சொல்லிட்டாங்க. இடி இடிச்ச மறுநாள் ஏற்காட்டுல போய்க் காளானைப் பிடுங்கிப் பாருங்க கண்ணு, அதுக்கே அடியில நூல் நூலா ஓடியிருக்கும்!

காலேஜ் விழாவுல ஒரு பையன் அட்டைக் கவசம் மாட்டிக்கிட்டு நின்னானாம். "இது நம்ம ஊர்ப் பழக்கமா?"ன்னு கேட்டாங்க. ஆடியில நம்ம மாரியம்மனுக்கு வண்டி வேடிக்கை நடக்குதே, அது என்னங்க? போன வருசம் என் அக்கா மகன் கிருஷ்ணன் வேஷம். உடம்பெல்லாம் நீலம், தலையில ஜிகினா ஒட்டுன அட்டைக் கிரீடம். மூணு மணி நேரம் வண்டியில அசையாம நின்னான். உதட்டுச் சாயம் கலையக் கூடாதுன்னு அவங்கம்மா ஸ்ட்ரா போட்டுத் தண்ணி குடுத்தாங்க. இதையே வெளிநாட்டுல செஞ்சா காஸ்பிளே!

அங்கயும் இது நேத்து வந்ததில்லை. 1939ல நியூயார்க்ல முதல் உலக அறிவியல் புனைகதை மாநாடு. எதிர்கால மனுசங்க மாதிரி உடுத்திக்கிட்டு ஃபாரஸ்ட் அக்கர்மேன்னு ஒரு ரசிகரும் மர்ட்டில் டக்ளஸ்னு ஒரு அம்மாவும் வந்தாங்க. அவரோட உடுப்பையும் தைச்சது அந்தம்மாதான். பேரு என்னவோ அவருக்குத்தான் பெருசாப் போச்சு. அது எல்லா ஊர்லயும் நடக்கிறதுதானுங்களே!

பிரம்மாஸ்திரம்தான் ஏவுகணைன்னு சொல்ல நான் வரலைங்க. நம்ம காமிக்ஸ் ஹீரோ இரும்புக்கை மாயாவி லண்டன் சரக்கு. 1962ல அங்க வந்தான், 1972ல சிவகாசி முத்து காமிக்ஸ் அவனைத் தமிழ் பேச வச்சுது. கதை கடன்தான், ஒத்துக்கிறேன். ஆனா கரண்ட்டு பாஞ்சா மாயாவி மறைஞ்சு கை மட்டும் தெரியுமே, அந்தக் கைக்காக சிகரெட் பாக்கெட்டு வெள்ளித்தாளைப் பொறுக்கி முழங்கை வரைக்கும் சுத்திக்கிட்டோமே, அது யார் சொல்லிக் குடுத்தது? வேர்னு நான் சொல்றது அதைத்தான்.

இன்னொண்ணு. நம்ம டி.ஆர். சுந்தரம் 1935ல சேலத்துல ஆரம்பிச்ச சினிமாக் கம்பெனி மாடர்ன் தியேட்டர்ஸ், அமெரிக்கக்காரங்களோட சேர்ந்து 'தி ஜங்கிள்'னு ஒரு படம் எடுத்துச்சு. 1952ல வந்துது. அழிஞ்சுபோன மாமூத் யானை காட்டுக்குள்ள உசுரோட திரியுதுன்னு கதை. கம்ப்யூட்டரா இருந்துச்சு அப்போ? நிசமான யானைக்கு ரோமப் போர்வை போத்தி நடக்க விட்டாங்க! மனுசனுக்கு வேஷம் கட்டலாம், யானைக்கே கட்டுனது நம்ம ஊர்க் கம்பெனிங்க!

ஏற்காடு ரோட்டுல அந்தக் கம்பெனி வளைவு இன்னும் நிக்குது. அட்டைக் கவசம் போட்ட பையனும் அங்க செல்ஃபி எடுத்திருப்பான். யானைக் கதையை மட்டும் யாரும் அவன்கிட்டச் சொல்லியிருக்க மாட்டாங்க.

மணி அடிச்சிட்டீங்க நடுவர் ஐயா. அந்த யானைக்குத் தங்கச்சி பதில் சொல்லட்டும், நான் உக்கார்றேன்.