எதிலிருந்து உயர்கிறது கடல்?

நேயர்களுக்கு வணக்கம்.

கடல் மட்டம் உயர்கிறது என்று யாராவது சொன்னால், "எதிலிருந்து அளந்தீர்கள்?" என்று முதலில் கேளுங்கள். கடல் மட்டம் அளக்கும் எங்கள் துறையில் பாதி வேலை அந்தக் கேள்விக்கு விடை தேடுவதுதான்.

கடல் மட்டத்தின் ஏற்ற இறக்கத்தைப் பதிய, துறைமுகங்களில் ஓதமானி என்றொரு கருவி உண்டு. பழைய வகையில் கடலுக்குள் செங்குத்தாக ஒரு குழாயை இறக்கியிருப்பார்கள். அடியில் சின்னத் துளை. அதன் விட்டம் குழாய் விட்டத்தில் பத்தில் ஒரு பங்கு. வெளியே எவ்வளவு அலை அடித்தாலும் குழாய்க்குள் தண்ணீர் துள்ளாது. மெல்ல ஏறி வற்றும் ஓதம் மட்டும் உள்ளே மிதவையைத் தூக்கி இறக்கும். அந்தத் துளையைச் சேறோ சிப்பியோ அடைத்துக்கொண்டால் உள்ளே நீர் பிந்தி ஏறும், உச்சம் குறைவாகப் பதியும். பதிவைப் பார்த்தால் கோடு ஒழுங்காகவே தெரியும், ஆபத்தே அதுதான். இப்போது மேலிருந்தே அளக்கும் ரேடார் கருவிகள் வந்துவிட்டன. குழாய் அடைப்புத் தொல்லை அவற்றில் இல்லை.

கருவி நன்றாக இருந்தாலும் அவசரப்படக் கூடாது. 2006 முதல் 2018 வரை உலகக் கடல் மட்டம் ஆண்டுக்குச் சராசரியாக 3.7 மில்லிமீட்டர் உயர்ந்தது. சென்னைக் கரையிலோ, மார்ச் மாதத்துக்கும் வடகிழக்குப் பருவமழைக் காலத்துக்கும் இடையே கடல் ஒரு சாணுக்குக் குறையாமல் ஏறும். அறுபது ஆண்டு உயர்வு ஒரே ஆண்டுக்குள் வந்து போகிறது! ஐந்தாறு ஆண்டுக் கணக்கை வைத்து எதுவும் சொல்ல முடியாது. மும்பையில் 1878 முதல் இருக்கும் பதிவை நாங்கள் பொக்கிஷம்போலக் கருதுவதற்குக் காரணம் இதுதான்.

ஓதமானி நிற்கும் தரையே இறங்கினால்? மேற்கு வங்கத்தில் ஹூக்ளி ஆற்றின் டயமண்ட் ஹார்பரில் கடல் மும்பையைவிட வேகமாக உயர்வதாகப் பதிவாகிறது. அங்கே கழிமுக வண்டல் இறுகித் தரை தாழ்கிறது. எனவே ஓதமானியைச் சுற்றி உறுதியான இடங்களில் உயரத்தை ஒப்பிட உதவும் நிலையான அடையாளங்களான மட்டக்குறிகளைக் குறைந்தது ஐந்து பதித்து, ஆண்டுதோறும் ஒன்றோடொன்று ஒப்பிட்டு அளக்க வேண்டும். கட்டட வேலையில் ஒரு குறியைப் பெயர்த்தெறிந்துவிட்டால், பல பத்தாண்டுப் பதிவின் தொடர்ச்சியே சந்தேகத்துக்குள்ளாகும். பக்கத்திலேயே, தரை இறங்குவதைக் காட்டும் ஜி.பி.எஸ். கருவி வைப்பது இன்னும் நல்லது.

கரையில் தெரியும் எல்லாக் கேட்டையும் கடல் உயர்வின் கணக்கில் எழுதுவதும் தவறு. சென்னையில் ராயபுரம் பக்கம் கரை அரித்ததற்கு முதன்மைக் காரணம், வடக்கே போகும் மணலைச் சென்னைத் துறைமுகச் சுவர் மறித்தது. மெரினா அகன்றதும் அதே மணலால்தான்.

சென்னைக்கு வடக்கே மீஞ்சூரில் நிலத்தடி நீர் உப்பானதும் கடல் உயர்வால் அல்ல, அளவு மீறி இறைத்ததால். ஒரு லிட்டர் நன்னீர் 1,000 கிராம், கடல்நீர் சுமார் 1,025 கிராம். இந்த 25 கிராம் வித்தியாசத்தால், மணற்பாங்கான கரையில் கடல் மட்டத்துக்கு மேல் ஒரு மீட்டர் நன்னீர் நின்றால் கீழே ஏறக்குறைய 40 மீட்டர் நன்னீர் தாங்கும். நாம் இறைத்து ஒரு மீட்டர் இறக்கினாலும், கடல் தானே உயர்ந்தாலும், கடல் மட்டத்துக்கும் நன்னீர் மட்டத்துக்கும் உள்ள அந்த இடைவெளிதான் சுருங்குகிறது. ஆகவே கடலோரக் கிணறுகளில், தரையிலிருந்து எத்தனை அடி ஆழத்தில் தண்ணீர் என்று மட்டும் குறித்தால் போதாது. கடல் மட்டத்துக்கு எவ்வளவு மேலே நிற்கிறது என்பதையும் மாதந்தோறும் குறித்து வையுங்கள்.

நன்றி, வணக்கம்.