பாட்டில்லாத கார்மென்

நண்பர்களே, குரலே உயிராக இருக்கும் ஓபராவை, அதாவது பாடியே நடிக்கும் மேடை நாடகத்தை, மௌனப் படமாக எடுத்தவர்கள் எதை நம்பி எடுத்தார்கள்? பிரெஞ்சு இசையமைப்பாளர் பிஸேயின் ஓபராவாகப் புகழ்பெற்ற ‘கார்மென்’ கதையை 1915-ல் அமெரிக்க இயக்குநர் செசில் பி. டிமில் எடுத்த படம் இதற்கு நல்ல பதில் சொல்கிறது.

நாயகி ஜெரால்டின் ஃபாரர், நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஓபராவின் நட்சத்திரப் பாடகி. அவருக்குக் கேமரா பழகட்டும் என்று டிமில் முதலில் ‘மரியா ரோசா’ என்ற வேறொரு படத்தை எடுத்து முடித்தார், வெளியிட்டது மட்டும் 1916-ல். படப்பிடிப்பில் ஃபாரர் நடிக்க, பக்கத்தில் வாத்தியம் வாசித்தார்கள்.

ஓபராவின் பாடல் நூலுக்குக் காப்புரிமை இருந்ததால், டிமிலின் அண்ணன் வில்லியம் 1845-ல் பிரெஞ்சு எழுத்தாளர் மெரிமே எழுதிய மூலக் கதையிலிருந்து திரைக்கதை அமைத்தார். ஓபராவில் தனிப்பாடல் பாடும் மிக்காயேலா என்ற பெண் அந்தக் கதையில் இல்லை, படத்திலும் இல்லை. அது நல்லதாகவே போயிற்று என்பேன். தனிப்பாடல் வந்தால் மேடையில் கதை நின்றுவிடும். சத்தமில்லாத திரையில் நாலு நிமிடம் வாயசைவை யார் பார்ப்பார்கள்? புகையிலைத் தொழிற்சாலைச் சண்டையைப் பாருங்கள். மேடையில் அது உள்ளே நடக்கும். பெண்கள் வெளியே ஓடிவந்து பாடித்தான் நமக்குத் தெரியும். படத்தில் தொழிற்சாலைக்குள்ளேயே ஃபாரரும் ஜீனி மக்பெர்சனும் கட்டிப் புரளுகிறார்கள். பாட்டு சொன்னதை உடம்பு சொல்கிறது!

இசை போய்விடவில்லை, அரங்கத்துக்கு இடம் மாறியது: படம் ஓடும்போது அங்கே நேரில் வாசித்தார்கள். 1915 அக்டோபர் 1 அன்று பாஸ்டன் சிம்பொனி ஹாலில் முதல் காட்சி. பிஸேயின் இசையைப் படத்துக்கேற்பத் தொகுத்தவர் ஹியூகோ ரீசன்ஃபெல்ட்.

இன்று இப்படி நேரடி இசையோடு மௌனப் படத்தைத் திரையிடுவோருக்குச் சிக்கல் வேகத்தில்தான். 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம், அதாவது தனித்தனிப் படங்கள். 1000 அடி ரீலில் 16,000. நொடிக்கு 16 பிரேம் ஓட்டினால் 16 நிமிடம் 40 நொடி. பேசும் படத்துக்குரிய 24-ல் ஓட்டினால் 11 நிமிடம் 7 நொடிதான். ஒரே ரீலில் ஐந்தரை நிமிடம் காணாமல் போகிறது! படத்தை விரட்டலாம், கார்மென் பாடும் புகழ்பெற்ற ‘ஹபனேரா’ பாட்டின் இசையை விரட்டினால் அதன் ஆட்டமே போய்விடும். அறுந்து ஒட்டிய பிரதியானால் இன்னொரு தொல்லை: இரண்டு அடி குறைந்தாலே, 16-ல் இரண்டு நொடி இசை மிஞ்சும்.

அதனால் எந்தப் பிரதியைத் திரையிடப் போகிறோமோ அதையே, அதே வேகத்தில் ஓட்டி ஒத்திகை பாருங்கள். வசனமும் விளக்கமும் எழுதிக் காட்டும் எழுத்து அட்டை திரையில் வரும் இடங்களை இசைத்தாளில் குறித்துவையுங்கள். இசை முந்தினால் ஒரு சிறு பகுதியைத் திருப்பி வாசிக்கலாம், பிந்தினால் ஒன்றை விடலாம். அடுத்த அட்டையில் படமும் இசையும் மறுபடி சேர்ந்துகொள்ளும்.