கிம்ச்சியும் சவர்க்ராவ்ட்டும் ஒரே சட்டியில

எல்லாருக்கும் வணக்கம். தலைவர் ஐயாவுக்கு வணக்கம், பொருளாளர் அக்காவுக்கு வணக்கம், டார்ட்முண்ட்ல இருந்து இந்தப் பனியில ரெண்டு ட்ரெயின் மாறி வந்த சிறப்பு விருந்தினர் ஐயாவுக்கு வணக்கம், யாழ்ப்பாணத்துல இருந்து 80கள்லயே இங்க வந்து நமக்கெல்லாம் முன்னாடி இந்தக் குளிர்ல காலூன்றின அண்ணன்மாருக்கு வணக்கம், போன வருஷம் சவுண்ட் சிஸ்டம் குடுத்தவர் பேர விட்டுட்டேன்னு அவரு இன்னும் என்கூட சரியா பேசறதில்ல, அவருக்கு ரெண்டு வணக்கம்.

ஜெர்மன் வீட்டுச் சமையலும் கொரிய வீட்டுச் சமையலும் சேர்ந்தா என்ன ஆகும்னு பேசச் சொல்லியிருக்காங்க. மூணு விஷயம் சொல்றேன்: புளிப்பு, உருளைக்கிழங்கு, சாசேஜ். எங்கம்மா எதுக்கெடுத்தாலும் சொல்ற பழமொழி ஒண்ணு, "உப்பில்லாப் பண்டம் குப்பையிலே". அத ஞாபகம் வச்சுக்கோங்க, திரும்ப வரும்.

ஜெர்மனில நாம இருக்கற இந்த ரூர் பக்கத்துல நிலக்கரிச் சுரங்கத்துக்கு ஆள் பத்தலைன்னு 1963ல தென்கொரியாவோட ஒப்பந்தம் போட்டாங்க, 1977 வரைக்கும் கிட்டத்தட்ட 8,000 சுரங்கத் தொழிலாளிங்க வந்தாங்க, அதுபோக நர்ஸுங்க 10,000 பேருக்கு மேல. அப்படி நர்ஸா வந்தவங்கதான் எங்க மாடி வீட்டு கொரியப் பாட்டி. அந்தக் காலத்துல இங்க நீட்டு கோஸ் கிடைக்காது, கொரிய மொளகாத்தூளும் கிடைக்காது, கடையில விக்கிற சவர்க்ராவ்ட்ட, அதான் ஜெர்மன்காரங்க உப்புல புளிக்க வச்ச கோஸ, வாங்கி தண்ணில அலசி பூண்டும் பாப்ரிகா பொடியும் பிசைஞ்சு, எங்க ஊரு காரமான கோஸ் ஊறுகாய் கிம்ச்சி இதான்னு சொல்லி சாப்பிட்டோம், சாப்பிட்டுட்டு அழுதோம்ன்னு சொல்வாங்க.

அவங்க சொல்லிக்குடுத்து நானும் கிம்ச்சி போட்டேன். இங்கதான் கதை. பெரிய ஜாம் பாட்டில்ல கழுத்து வரைக்கும் திணிச்சு மூடிய இறுக்கித் திருகி கெல்லர்ல, அதான் கட்டிடத்துக்கு அடியில இருக்கற நிலவறையில, கொண்டு வச்சுட்டேன். ஊறுகாய்ன்னா இறுக்கி மூடணும்னுதானே நமக்குத் தெரியும்! புளிக்கும்போது காத்து கிளம்பும்னு யோசிக்கல. நாலாம் நாள் காலைல கதவத் தட்டறாங்க, கட்டிடத்தப் பாத்துக்கற ஹவுஸ்மாஸ்டர், மூஞ்சி வெளிறிப் போயிருக்கு, "உங்க கெல்லர் கதவுக்கு அடியில சிவப்பா ஏதோ வழியுது, நான் போலீஸ கூப்பிடவா?" நான் லுங்கியோட ஓடறேன், பின்னாடி என் பொண்டாட்டி, அவளுக்குப் பின்னாடி கொரியப் பாட்டி. மூடி பறந்து சீலிங்ல இடிச்சிருக்கு, பக்கத்து வீட்டுக்காரங்க கிறிஸ்மஸ் மரத்து மேல பூண்டும் கோஸும் தோரணம் கட்டித் தொங்குது! அப்ப கீழ்வீட்டு ஜெர்மன் பாட்டி மெதுவா வந்தாங்க, மோந்து பாத்தாங்க, "கோஸ் நல்லாத்தான் புளிச்சிருக்கு, மேல கல்லு வைக்கலையா?"ன்னாங்க. போய் அவங்க அம்மா காலத்து மண் ஜாடியையும் ஒரு கல்லையும் தூக்கிட்டு வந்துட்டாங்க.

அந்த வாரமே மூணு வீடும் சேர்ந்து கோஸ் நறுக்கினோம். கிலோவுக்கு 20 கிராம் உப்பு, அழுத்திப் பிசைஞ்சா அதுவே தண்ணி விடும், அந்தத் தண்ணிக்குள்ளயே முங்கிக் கிடக்கணும். உப்பு குறைஞ்சா அழுகிரும், எங்கம்மா சொன்ன குப்பைதான். கொரியப் பாட்டி பூண்டு போடுங்கறாங்க, ஜெர்மன் பாட்டி "பூண்டா? சீமைச்சோம்பு போடு"ங்கறாங்க. ஒரே படிக்கட்ட முப்பது வருஷமா ஏறி இறங்கினவங்க, ஒருத்தர் கிச்சன ஒருத்தர் பாத்ததில்லையாம்.

அதுல பிறந்த குழம்பு இது. காஸ்லர்னு உப்புல ஊறவச்சு புகை போட்ட பன்னிக்கறி, அத சட்டில வதக்கி, பழுத்த கிம்ச்சி பாதி, பிழிஞ்ச சவர்க்ராவ்ட் பாதி, எண்ணெய் பிரியற வரைக்கும் வதக்கணும். அப்புறம் கொரியப் பாட்டி என்ன ஊத்தினாங்க தெரியுமா? அரிசி களைஞ்ச தண்ணி! கொரியாவுலயும் அத கீழ கொட்டறதில்ல. உருளைக்கிழங்க வெட்டிப் போட்டு அது வேகற வரைக்கும் கொதிக்க விட்டா முடிஞ்சது. காஸ்லர்லயே உப்பு இருக்கு, கடைசில ருசி பாத்துட்டுப் போடுங்க. அவங்க சோத்தோட சாப்பிட்டாங்க, இவங்க கருப்பு ரொட்டியோட, நான் ரெண்டோடயும்.

உருளைக்கிழங்கு இதுலயே வந்துருச்சு. சாசேஜுக்கு நேரமில்ல, செயலாளர் மூணாவது தடவையா வாட்ச்ச காட்டறாரு. ஆனா ஒண்ணு சொல்லாம இறங்க மாட்டேன். போன பொங்கலுக்கு நம்ம சங்கத்துல என்ன சாப்பிட்டோம்? அலுமினிய ட்ரேல கேட்டரிங்ல வந்த பொங்கல். பொங்கவே பொங்காத பொங்கலுங்க! அதுல உப்பும் இல்ல, உப்பில்லாப் பண்டம் குப்பையிலே, பாதி ட்ரே நெசமாவே குப்பைக்குத்தான் போச்சு, நான்தான் தூக்கிக் கொட்டினேன். கமிட்டில மூணு வருஷமா கேக்கறேன், நாமளே சமைப்போம்னு. "யாருங்க காய் நறுக்குவா"ங்கறாங்க. ஒரு பெரிய சட்டியும் பத்து கத்தியும் போதுங்க, பொருளாளர் அக்கா, கேட்டரிங் காசுல பாதிகூட ஆகாது.

வெளிய வாசல்கிட்ட ஒரு நோட்டு வச்சிருக்கேன், பேர் எழுதிட்டுப் போங்க. வர்ற சனிக்கிழமை காலைல நம்ம ஹால் கிச்சன்ல ஒத்திகை, கோஸ் நான் வாங்கிட்டு வர்றேன், ரெண்டு பாட்டியும் வர்றேன்னுட்டாங்க. கத்தியும் பலகையும் உங்க வீட்லருந்து கொண்டு வாங்க. ஹவுஸ்மாஸ்டர் கேட்டா சிவப்பா ஒண்ணும் வழியாதுன்னு சொல்லிடுங்க. வணக்கம்.