தலை எகிறுச்சுன்னா டைம் போச்சு: ஹர்டில்ஸ் சாம்பியன் கோச் ஆன கதை

வணக்கம் மக்களே! வேலூர் நேதாஜி ஸ்டேடியத்துலருந்து பேசுறேன். மணி இன்னும் ஆறுகூட ஆகல, அதுக்குள்ள சட்டை நனைஞ்சு போச்சு. நம்மூரு வெயிலுக்கோசரம்தான் பசங்க இந்நேரத்துக்கே வந்துடுறாங்க.

இங்க ஓடுற தங்கச்சி ஒண்ணு கேட்டுச்சு, "அண்ணா, மெடல் வாங்குனவங்கல்லாம் நல்லா கோச்சிங் குடுப்பாங்களா?"ன்னு. எல்லாரும் குடுக்க மாட்டாங்கம்மா. "நான் ஓடுன மாதிரி ஓடு"ன்னுட்டு விசிலோட உக்காந்துக்குறவங்க நிறைய. ஆனா ஹர்டில்ஸ்ல, அதான் தடை தாண்டி ஓடுற ரேஸ்ல, ஒலிம்பிக் தங்கம் வாங்கி கோச் ஆன ஜோயன்னா ஹேய்ஸ் அந்த ரகம் இல்ல.

2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்ஸ், பெண்கள் 100 மீட்டர் ஹர்டில்ஸ் ஃபைனல். ஃபேவரிட் யாரு? கனடாவோட பெர்டிடா ஃபெலிசியன், முந்துன வருஷத்து வேர்ல்டு சாம்பியன். மொத ஹர்டில்லயே தட்டி விழுந்துட்டாங்க, பக்கத்து லேன் ரஷ்யாக்காரங்களும் கூடவே காலி. அமெரிக்காவோட ஹேய்ஸ் பாட்டுக்கு ஓடி 12.37ல தங்கம். லக்குன்னு சொல்றவங்களுக்கு ஒண்ணு சொல்றேன், அது ஒலிம்பிக் ரெக்கார்டு. 2012 லண்டன்லதான் சாலி பியர்சன் 12.35 ஓடி உடைச்சாங்க.

இதுல இன்னொரு விஷயம், 2003 பான் அமெரிக்கன் கேம்ஸ்ல 400 ஹர்டில்ஸ் தங்கமும் ஹேய்ஸுதுதான். ரெண்டும் ஒரே வேலை இல்ல மக்களே. 100ல ஹர்டிலுக்கு நடுவுல எட்டரை மீட்டர், மூணே ஸ்டெப், யோசிக்க நேரமே கிடையாது. 400ல நடுவுல 35 மீட்டர். மூச்சு வாங்க வாங்க ஸ்டெப் குட்டையாவும், எண்ணிக்கை ஏறும், எந்தக் கால்ல வந்தாலும் தாண்டியாகணும். ரெண்டையும் உடம்புல வாங்குனவங்களுக்கு, ஒரு பொண்ணு எங்க சொதப்புதுன்னு சட்டுனு புடிபடும்.

இருங்க, கேமராவ திருப்புறேன். அந்த பிங்க் ஷூ பாப்பாவ பாருங்க. ஹர்டில் மேல போறப்ப தலை எகிறுதா? அப்ப குதிக்குதுன்னு அர்த்தம். நெஞ்சு முன்னால சாயணும், பின்கால் முட்டி பக்கவாட்டுல மடங்கி அக்குள் பக்கமா வரணும், எறங்குன ஒடனே ஓட்டம். ஆங்... தட்டிடுச்சு. பரவால்ல, வேணும்னு தள்ளலைன்னா அவுட் கிடையாது, டைம்தான் போவும்.

அமெரிக்காவோட 400 ஹர்டில்ஸ் ஓட்டக்காரி சிட்னி மெக்லாக்லின், ஓட்டத்தையே தொழிலா எடுத்து ப்ரோ ஆன புதுசுல ஹேய்ஸ்கிட்டதான் இருந்தாங்க. 2019 தோஹா வேர்ல்டு சாம்பியன்ஷிப்ல 52.23, வெள்ளி. தங்கம் வாங்குன டலிலா முகமது 52.16, வேர்ல்டு ரெக்கார்டு! அப்புறம் சிட்னி பாபி கெர்சிகிட்ட போயிட்டாங்க. கூத்து இன்னான்னா, ஹேய்ஸுக்கே கோச்சா இருந்தவரு அவரு. இப்ப ஹேய்ஸ், தான் படிச்ச யுசிஎல்ஏ காலேஜ்லயே டிராக் டீமுக்கு மொத்தப் பொறுப்பு.

நம்ம கோயம்புத்தூர் வித்யா ராம்ராஜும் 2023 ஏசியன் கேம்ஸ்ல 400 ஹர்டில்ஸ் 55.42ல ஓடி, 1984ல பி.டி. உஷா போட்ட டைம சமன் பண்ணாங்க. அவங்க பின்னாடி கோச்சா வந்தா எனக்கு ரொம்ப சந்தோஷம்.

சரி, பாப்பா மறுபடி ஸ்டார்ட்டுக்குப் போயிடுச்சு, ஹர்டில நிமித்தி வெக்கப் போறேன். பின்கால் டிரில் அடுத்த வீடியோவுல.