மோசார்ட்டா, மக்களா?

நடுவர் அவர்களே, வணக்கம். வங்காள இசையமைப்பாளர் சலில் சௌத்ரியின் பாட்டு நிற்பது மேற்கத்திய இசை கற்றதாலா, மக்களிடம் காது கொடுத்ததாலா என்பது தலைப்பு. நான் மக்கள் கட்சி.

எனக்கு முன்னால் பேசிய அம்மா, மேற்கத்திய இசைமேதை மோசார்ட்டையே துணைக்குக் கூட்டி வந்துவிட்டார். 1961-இல் வந்த 'சாயா' படத்தில் தலத் மெஹ்மூதும் லதாவும் பாடிய டூயட், மோசார்ட்டின் 40-ஆவது சிம்பொனியிலிருந்து எடுத்தது என்றார். வாஸ்தவம்தான். சலிலின் அப்பா அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத்து டாக்டர். வீட்டில் மேற்கத்திய இசைத்தட்டுகள் இருந்தன. பையன் கேட்டு வளர்ந்தான். சரி, அந்தக் காதோடு அவர் எங்கே போய் நின்றார்? அதை அம்மா சொல்லவே இல்லையே!

1943, வங்கப் பஞ்சம். இருபது லட்சத்துக்கும் மேல் செத்தார்கள். அந்த நாட்களில்தான் சலில் விவசாயிகள் இயக்கத்துக்கும் 'இப்டா' மக்கள் நாடக மன்றத்துக்கும் போனார். கூட்டங்களில் பாடப் பாட்டு கட்டினார். இரண்டாவது வரி வருவதற்குள் எதிரே நிற்பவனும் சேர்ந்து பாட வேண்டும். இந்தப் பரீட்சையை எந்த சிம்பொனி ஐயா வைக்கும்?

1949-இல் ஹேமந்த முகர்ஜி குரலில் 'காயேர் போது' வந்தது. கிராமத்து மருமகள் ஒருத்தியின் கதை. இசைத்தட்டின் ஒரு பக்கம் போதவில்லை. எழுந்து போய்த் திருப்பிப் போட்டுத்தான் மீதியைக் கேட்க வேண்டும். முதலில் அவள் வீடு, வயல், சிரிப்பு. அப்புறம் பஞ்சம் வருகிறது. அந்த வீடு பாட்டுக்குள்ளேயே பாழாகிவிடுகிறது.

நிலத்தை மீட்கக் கல்கத்தாவில் ரிக்‌ஷா இழுக்கும் விவசாயியின் கதையான 'தோ பீகா ஜமீன்' இந்திப் படம், 1953-இல் வந்தது. இசை மட்டுமல்ல, கதையும் சலிலுடையது!

'செம்மீன்' தெரியுமல்லவா? மலையாளக் கடற்கரைக் கதை. இசைக்கு ஒரு வங்காளி, 'மானஸ மைனே' பாடியவர் மன்னா டே, இன்னொரு வங்காளி. கேட்டால் கேரளத்துப் புறக்காட்டுக் கடற்கரை மணலில் நிற்கிற மாதிரி இருக்கிறது. நம்ம 'அழியாத கோலங்கள்' படத்துப் 'பூவண்ணம் போல நெஞ்சம்' கூட அவர் மெட்டுதான். அதை முணுமுணுக்காத ஆள் இந்த அரங்கில் இருந்தால் கை தூக்கட்டும்.

பல சுரங்கள் ஒன்றாகச் சேர்ந்து ஒலிக்கும் ஹார்மனி மேற்கத்தியதுதானே என்பீர்கள். வள்ளத்துக்குப் பெயிண்ட் எந்தக் கடையில் வாங்கினால் என்ன, அது மிதப்பது கடலில்! அடுத்து வரும் எதிரணித் தம்பி, 'செம்மீன்' எந்த சிம்பொனி என்று மட்டும் சொல்லிவிட்டு உட்காரட்டும்.