பொன்னிறப் பொத்தானும் பழுப்பு முடியும்

அவையோருக்கு வணக்கம்.

ஜப்பானியச் சீருடை என்றதும் ‘கட்டுப்பாடு’ என்று சொல்லிவிட்டு நாம் நகர்ந்துவிடுகிறோம். அதன் பிறப்பு அப்படித்தான். 1886இல் தோக்கியோவின் பேரரசுப் பல்கலைக்கழகம் தன் மாணவர்களுக்கு ஓர் உடையை வகுத்தது. கறுப்புத் துணி, கழுத்தை இறுக்கும் நிமிர்ந்த காலர், மார்பின் நடுவே வரிசையாகப் பொன்னிறப் பொத்தான்கள். ஐரோப்பியப் படைவீரனின் சட்டைதான் அது. பள்ளி மாணவர்களும் பிறகு அதையே உடுத்தினார்கள். 1920களில் மாணவிகளுக்கு வந்ததோ கடற்படை மாலுமியின் காலர்!

அந்தப் படைச் சட்டையைப் பிள்ளைகள் என்ன செய்தார்கள் தெரியுமா? மார்ச் மாதம், பள்ளிப் படிப்பு முடியும் விழா நாளில், மேலிருந்து இரண்டாவது பொத்தானைப் பிய்த்து மனத்துக்குப் பிடித்த பெண்ணிடம் கொடுத்தார்கள். இதயத்துக்கு மிக அருகில் இருப்பது அதுதானாம். எந்த ஆசிரியரும் வகுக்காத வழக்கம் இது.

பெண்களும் சும்மா இருக்கவில்லை. 1970களில் முரட்டு மாணவிகள் பாவாடையைக் கணுக்கால்வரை இறக்கினார்கள். 1990களில் வந்தவர்கள் இடுப்பில் சுருட்டிச் சுருட்டி முழங்காலுக்கு மேலே ஏற்றினார்கள். நீளமும் குற்றம், குட்டையும் குற்றம். ஆசிரியர்களின் அளவுகோலுக்கு ஓய்வே இல்லை. இதைவிட வேடிக்கை, சீருடையே இல்லாத பள்ளிகளின் மாணவிகள் கடைக்குப் போய்ச் சீருடை போன்ற உடையைக் காசு கொடுத்து வாங்கி அணிவது. கட்டாயப்படுத்த ஆளில்லாத இடத்திலும் அந்த உடைமீது ஆசை இருக்கிறது.

ஆகவே, சண்டை துணியோடு அல்ல, துணியைத் தாண்டி உடம்புக்குள் நுழையும் விதியோடு என்பதே என் கருத்து. தன் முடி பிறவியிலேயே பழுப்பு என்று சொன்ன ஒசாகா மாணவி ஒருவரைக் கறுப்புச் சாயம் பூசும்படி பள்ளி திரும்பத் திரும்ப வற்புறுத்தியது. 2017இல் அவர் வழக்குத் தொடுத்தார். 2021இல் வந்த தீர்ப்பு விசித்திரமானது. முடி பற்றிய விதி நியாயமானதுதானாம். மாணவியின் மேசையை வகுப்பிலிருந்து அகற்றியதும், பெயரைப் பட்டியலிலிருந்து எடுத்ததும்தான் தவறாம். அதற்காக 3,30,000 யென் இழப்பீடு. நோயை விட்டுவிட்டுத் தழும்புக்கு மருந்து போட்டார்கள் என்றே எனக்குப் படுகிறது.

அடுத்த ஆண்டு தோக்கியோ பெருநகர அரசின் உயர்நிலைப் பள்ளிகள் சில விதிகளைக் கைவிட்டன. கறுப்புச் சாயக் கட்டாயம் போயிற்று. உள்ளாடை இன்ன நிறத்தில்தான் இருக்க வேண்டும் என்ற விதியும் போயிற்று. சீருடை அந்தப் பட்டியலில் இல்லை.