டாக் ஷோ ரிங்குல ஜட்ஜ் எதைப் பார்க்கிறாரு?

(காட்சி: சுங்கை சிப்புட். செம்பனைத் தோட்டத்து ஓரத் திடல். கயிறு பிடிச்சவரோட ஓர் அல்சேஷன் ஓடி வருது.)

வணக்கம். டாக் ஷோன்னா நாய்களுக்கு நடக்கிற அழகுப் போட்டின்னுதான் நம்ம ஊர்ல பலபேர் நினைக்கிறாங்க. கிடையாதுங்க. ரிங்குல பத்து நாய் நின்னாலும், ஒவ்வொரு இனத்துக்கும் எழுதி வெச்சிருக்கிற இலக்கணத்தோடதான் ஜட்ஜ் ஒப்பிட்டுப் பார்க்கிறாரு. அந்த இலக்கணம் பெரும்பாலும் அந்த நாய் செஞ்ச வேலையில இருந்து வந்தது.

இந்த அல்சேஷனையே எடுத்துக்குங்க. பதிவுல பேரு ஜெர்மன் ஷெப்பர்ட். 1899ல ஜெர்மனியில முறையா பதிவாக ஆரம்பிச்ச இனம், ஆட்டு மந்தை காக்கிறது. நாள் முழுக்க மந்தையைச் சுத்தி வரணும்னா பாய்ஞ்சு ஓடிப் பிரயோஜனமில்ல, சீரான ஓட்டம் வேணும். அதனாலதான் உடம்பு நீளம் உயரத்தைவிட 10 முதல் 17 விழுக்காடு கூடுதலா இருக்கணும்னு கேக்கிறாங்க.

(காட்சி: மெதுவான ஓட்டம், பக்கவாட்டில்.)

காலைக் கவனிங்க. இடது முன்கால் போகும்போதே வலது பின்காலும் போகுது. தோள் எலும்பு நல்லா சாய்ஞ்சிருந்தா முன்கால் எட்டிப் போகும். முதுகைப் பாருங்க, குலுங்கவே இல்ல! இந்த ஓட்டத்தைப் பார்க்கத்தான் நான் ரிங் ஓரத்துல மணிக்கணக்கா நிப்பேன்.

அப்புறம் வாய். மொத்தம் 42 பல். மேல்வரிசை கீழ்வரிசையை ஒட்டி முன்னால இறங்கணும். புல்டாக்குக்கு இது நேர்மாறு, கீழ்த்தாடைதான் முன்னால. ஆண் நாய்க்கு ரெண்டு விதையும் இறங்கியிருக்கான்னு தடவிப் பார்ப்பாங்க.

இனத்துல ஜெயிச்சது, ஒத்த இனங்களைச் சேர்த்து வெச்சிருக்கிற குழுவுக்குப் போகும், குழுவுல ஜெயிச்சது கடைசிச் சுற்றுக்கு. எஃப்சிஐ, அதாவது பல நாட்டு நாய்ச் சங்கங்களோட உலகக் கூட்டமைப்பு, அதோட முறையில 10 குழு. நாலாவது குழு முழுக்க, குட்டைக் காலும் நீள உடம்புமா இருக்கிற டாக்ஸ்ஹண்ட் மட்டும்தான்!

(காட்சி: லயத்து வாசல், பழுப்பு நிற நாட்டு நாய்.)

வம்சப் பதிவு இல்லாததால நம்ம தோட்டத்து நாய்ங்க இந்தப் போட்டியில இறங்க முடியாது. அதைவிட எனக்கு ஆதங்கம் தெலோமியன் விஷயத்துலதான். தித்திவங்சா மலைக்கு அந்தப் பக்கம், பகாங் தெலோம் ஆத்தோரம் ஒராங் அஸ்லி மக்கள் வளர்த்த நாய் அது. உயரத்துல கட்டின வீட்டுக்கு ஏணியில ஏறிப் போகும். 1963ல ஓர் அமெரிக்க ஆய்வாளர் கண்ணுல பட்டு, அமெரிக்கா வரைக்கும் போச்சு. ஆனா எஃப்சிஐ பட்டியல்ல இன்னும் அதுக்கு இடமில்ல. பக்கத்து நாடான தாய்லாந்தோட ‘தாய் ரிட்ஜ்பேக்’ நாய் அஞ்சாவது குழுவுல கம்பீரமா நிக்குது. எழுதின இலக்கணமும் தலைமுறை தலைமுறையா பதிவேடும் தாய்லாந்துக்காரங்க வெச்சிருந்தாங்க. தெலோமியனுக்கும் அந்த வேலையை நாமதான் செய்யணும்.